சமரசம் முடிந்தது, வழக்கு முடியவில்லை: 498ஏ வழக்கை எந்த வழியில் முடிப்பது?

சமரச மையத்தின் நீள மேசையில் கணவனும் மனைவியும் ஒப்பந்தத்தின் ஏழு பக்கங்களிலும் கையெழுத்திட்டு முடித்த பிறகு, கணவனின் தாய் என் பக்கம் திரும்பி, "இனி நான் கோர்ட்டுக்கு வரண்டாம்லா சார்?" என்று கேட்டார். எழுபது வயதைத் தாண்டியவர். வழக்கில் இரண்டாம் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்களில் இரண்டாமவர். இரணியலுக்கு அப்பால் ஒரு கிராமத்திலிருந்து ஒவ்வொரு வாய்தாவுக்கும் பேருந்து ஏறி வந்து, பெயர் கூப்பிடும்போது கைகூப்பி நின்றுவிட்டுத் திரும்புகிறவர். வரத்தான் வேண்டும் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை, ஆனால் அதுதான் உண்மை. நாகர்கோவிலில் வழக்கறிஞராகத் தொழில் செய்யும் நான் இந்தக் கேள்வியைப் பெண் வீட்டாரிடமிருந்தும் மாப்பிள்ளை வீட்டாரிடமிருந்தும் கேட்டுக்கொண்டே இருக்கிறேன். இதற்கான பதில், வழக்கை முடிக்க அவர்கள் எந்த வழியைத் தேர்ந்தெடுக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது. அந்த வழிகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

முதலில், சமாதானமான பிறகும் வழக்கு ஏன் நிற்கிறது என்பதைச் சொல்லிவிட வேண்டும். மனைவியைக் கணவனோ அவன் உறவினரோ கொடுமைப்படுத்துவதைத் தண்டிக்கும் 498ஏ பிரிவு, இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 1983-இல் சேர்க்கப்பட்டது. 2024 ஜூலை 1 முதல் அதே குற்றம் பாரதிய நியாய சன்ஹிதாவின் 85-ஆம் பிரிவாக இருக்கிறது. அந்தத் தேதிக்கு முன் நடந்தவற்றுக்குப் பழைய எண்ணே தொடர்கிறது. மூன்றாண்டு வரை சிறைத் தண்டனைக்கு உரிய இந்தக் குற்றம் ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாதது, சமாதானம் செய்துகொள்ள முடியாதது என்ற இரண்டு வகையிலும் வருகிறது. புகார் கொடுத்தவர் மனைவியாக இருந்தாலும் வழக்கை நடத்துவது அரசு. ஆகவே "நான் வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்" என்று மனைவி சொல்வதற்குச் சட்டத்தில் தனியான பலன் கிடையாது.

எந்தக் குற்றங்களைத் தரப்பினர் தாங்களே சமாதானம் செய்துகொள்ளலாம் என்ற பட்டியல் முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 320-ஆம் பிரிவில் இருந்தது. இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359-ஆம் பிரிவில் இருக்கிறது. நம் மகளிர் காவல் நிலையங்களில் பதிவாகும் முதல் தகவல் அறிக்கைகளில் கொடுமைப் பிரிவோடு அடித்தல், மிரட்டல், நகையைத் திருப்பித் தராத நம்பிக்கை மோசடி ஆகியவையும், பல நேரங்களில் 1961-ஆம் ஆண்டின் வரதட்சணைத் தடைச் சட்டமும் சேர்ந்தே வரும். இவற்றில் சாதாரணக் காயமும் எளிய மிரட்டலும் அந்தப் பட்டியலில் உண்டு. நம்பிக்கை மோசடி நீதிமன்ற அனுமதியுடன் உண்டு. கொடுமைப் பிரிவு இல்லை. வரதட்சணைக் குற்றங்களைச் சமாதானம் செய்ய முடியாது என்று அந்தச் சட்டத்தின் 8-ஆம் பிரிவே சொல்கிறது. ஆக, குற்றவியல் நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்றத்தில் சமாதான மனு போட்டால் வழக்கின் ஓரங்கள் கழன்று விழும், நடுப்பகுதி அப்படியே நிற்கும்.

மக்கள் நீதிமன்றத்தில் முடித்துக்கொள்ளலாமே என்று பலர் நினைக்கிறார்கள். முடியாது. சமாதானத்துக்கு உரியதல்லாத குற்றத்தைக் கையிலெடுக்க மக்கள் நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் வெளிப்படையாகக் கூறுகிறது. ஜீவனாம்சம், பொருள்கள், பணம் ஆகியவற்றைப் பற்றிய உடன்பாட்டை அங்கே தீர்ப்பாக்கிக்கொள்ளலாம். அதற்கு அது மிக நல்ல இடம். குற்ற வழக்கை முடிக்க மட்டும் வேறு வாசல் தேட வேண்டும்.

காவல் நிலையத்திலேயே முடித்துக்கொள்வது

சென்னை ஆயிரம் விளக்கில் 1992-இல் தமிழ்நாட்டின் முதல் அனைத்து மகளிர் காவல் நிலையம் திறக்கப்பட்டதிலிருந்து, குடும்பத் தகராறுகளில் பெரும்பகுதி இந்த நிலையங்களின் வாசலைத்தான் முதலில் மிதிக்கின்றன. வழக்குப் பதியாமல், மனுவைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதோடு நிற்கும் நிலையில் சமாதானம் ஏற்பட்டால், எழுதி வாங்கிக்கொண்டு மனுவை முடித்துவிடலாம். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. எழுதுவதில் மட்டும் கவனம் வேண்டும்: "எந்தப் பிரச்சினையும் நடக்கவில்லை" என்று எழுதாமல் "இருவரும் பேசி முடித்துக்கொண்டோம்" என்று எழுதினால் போதும்.

முதல் தகவல் அறிக்கை பதிவான பிறகு நிலைமை மாறுகிறது. சமாதானமாகிவிட்டார்கள் என்ற காரணத்துக்காக விசாரணை அதிகாரி வழக்கைக் கைவிடச் சட்டத்தில் இடமில்லை; அவர் உண்மை என்ன என்று அறிக்கை தர வேண்டியவர். நடைமுறையில் என்ன நடக்கிறதென்றால், மனைவியிடம் ஆட்சேபணை இல்லை என்று கையெழுத்து வாங்கிக்கொண்டு, "மிஸ்டேக் ஆஃப் ஃபேக்ட்" என்று இறுதி அறிக்கை போடப்படுகிறது. இதைச் செலவில்லாத வழி என்று பலர் விரும்புகிறார்கள். ஆனால் அந்த மூன்று சொற்களின் பொருள், புகாரில் சொன்ன சங்கதியே தவறு என்பதாகும். உண்மையிலேயே அடிபட்ட ஒரு பெண், தன் புகார் தவறானது என்ற பதிவைத் தன் கையெழுத்தாலேயே உண்டாக்கிக்கொள்கிறார். சமரசம் பின்னால் முறிந்தால் அந்த அறிக்கையை எதிர்த்து நடுவரிடம் போராட வேண்டிய சுமையும் அவருடையதே. கணவன் தரப்புக்கும் முழு நிம்மதி கிடையாது, ஏனென்றால் நடுவர் அந்த அறிக்கையை ஏற்றால்தான் வழக்கு முடியும். ஏற்க மறுத்து மேல்விசாரணைக்கு உத்தரவிடவும் அவருக்கு அதிகாரம் உண்டு.

பிறழ் சாட்சியாவது

குற்றப் பத்திரிகை தாக்கலாகி, வழக்கு நடுவர் நீதிமன்றத்தில் எண் பெற்றுவிட்ட பிறகு நம் ஊர்களில் அதிகம் சொல்லப்படும் யோசனை இதுதான். "சாட்சிக் கூண்டில் ஏறி ஒன்றும் நடக்கவில்லை என்று சொல்லிவிட்டால் போதும், விடுதலை வந்துவிடும்" என்பார்கள். மதுரையில் உள்ள உயர் நீதிமன்றக் கிளைக்குப் போக வேண்டாம், தனியாக வக்கீல் கட்டணம் வேண்டாம், உள்ளூரிலேயே காரியம் முடியும். இந்த யோசனையைச் சொல்கிறவர்கள் கெட்ட எண்ணத்தில் சொல்வதில்லை. கையில் காசில்லாத குடும்பங்களுக்கு அது ஒன்றுதான் எட்டும் தூரத்தில் இருப்பதாகத் தோன்றுகிறது.

நான் இந்த வழியை எதிர்க்கிறேன். காரணங்களில் பெரியதை முதலில் சொல்கிறேன்.

ஒரு முறை வேறொரு வழக்கில் என் முறைக்காகக் காத்திருந்தபோது, முப்பது வயதுக்குள் இருக்கும் ஒரு பெண் கூண்டில் நின்றார். அரசு உதவி வழக்கறிஞர் அவரைப் பிறழ் சாட்சியாக அறிவித்துக் குறுக்கு விசாரணை செய்யத் தொடங்கினார். இடது கையில் மணிக்கட்டுக்கு மேல் இருந்த தழும்பைக் காட்டி, அது எப்படி வந்தது என்று கேட்டார். "சமையல் செய்யும்போது பட்டது" என்று அந்தப் பெண் சொன்னார். சொல்லும்போதே புடவைத் தலைப்பை இழுத்து அந்தக் கையை மூடிக்கொண்டார். அவருக்கு அன்று பணமும் கிடைத்திருக்கலாம், விடுதலையும் கிடைத்திருக்கலாம். ஆனால் தனக்கு நடந்தது நடக்கவில்லை என்று சத்தியம் செய்து சொன்ன பிறகுதான் அவை கிடைத்தன. ஒரு சமரசம் இதைக் கேட்கக் கூடாது. தகராறு தீர்ந்தது என்பது ஒன்று. தகராறே இல்லை என்பது வேறொன்று.

மற்றக் காரணங்கள் நடைமுறை சார்ந்தவை. சத்தியப் பிரமாணத்தின் மீது பொய் சொன்னால் பொய்ச் சாட்சிக் குற்றம் வரும். நீதிமன்றங்கள் எல்லா நேரமும் அதைக் கையிலெடுப்பதில்லை என்பது அந்த ஆபத்தை இல்லாமல் ஆக்கிவிடாது. அவர் கூண்டில் சொன்ன சொற்கள் பதிவேட்டில் நிரந்தரமாக இருக்கும். பின்னால் குழந்தையின் பொறுப்பு குறித்த வழக்கு வந்தால் அதே சொற்களை எதிர்த்தரப்பு எடுத்துக் காட்டும். கணவன் தரப்புக்கும் இழப்பு உண்டு. தமிழ்நாடு காவல் துறையில் இரண்டாம் நிலைக் காவலர் பணிக்கான விதிகளில், புகார்தாரர் பிறழ்ந்ததாலோ சந்தேகத்தின் பலனாலோ விடுதலையானவரைக் குற்ற வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருத வேண்டும் என்று விளக்கம் இருக்கிறது. எதிரிகளின் பட்டியலில் கல்லூரி முடித்த கொழுந்தன் ஒருவன் இருந்து, அவன் காவலர் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தால், உள்ளூரில் மலிவாகக் கிடைத்த விடுதலை அவனுக்கு மிக விலையுயர்ந்ததாகிவிடும்.

இதே கட்டத்தில் அரசு வழக்கறிஞரே வழக்கைத் திரும்பப் பெறும் வழியும் ஏட்டில் இருக்கிறது. நடைமுறைச் சட்டத்தில் பழைய 321-ஆம் பிரிவு, இப்போது 360. பாதிக்கப்பட்டவரைக் கேட்காமல் நீதிமன்றம் இதற்கு இசைவு தரக் கூடாது என்பது புதிய சட்டத்தில் சேர்ந்திருக்கும் நல்ல பாதுகாப்பு. ஆனால் தரப்பினர் கேட்டுப் பெறும் உரிமையாக அது இல்லை; அரசு வழக்கறிஞர் பொது நலனை எண்ணித் தானே எடுக்க வேண்டிய முடிவு. குடும்ப வழக்குகளில் அதை நம்பித் திட்டமிட வேண்டாம் என்றே என்னிடம் வருகிறவர்களுக்குச் சொல்கிறேன்.

உயர் நீதிமன்றத்தில் ரத்து

சமாதானத்துக்கு உரியதல்லாத குற்றத்தையும், தரப்பினர் சமரசமாகிவிட்டார்கள் என்ற அடிப்படையில் ரத்து செய்யும் அதிகாரம் உயர் நீதிமன்றத்துக்கு மட்டுமே உள்ளார்ந்த அதிகாரமாக இருக்கிறது. நடைமுறைச் சட்டத்தில் பழைய 482-ஆம் பிரிவு, இப்போது 528. குடும்ப வழக்குகளில் இதற்கான கதவைத் திறந்தது, ஹரியானாவிலிருந்து மேல்முறையீடாகச் சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003 மார்ச்சில் தந்த தீர்ப்பு. கணவனும் மனைவியும் பிரச்சினையைத் தீர்த்துக்கொண்டு, மனைவியே பிரமாணப் பத்திரம் தந்த பிறகும், குற்றம் பட்டியலில் இல்லை என்பதைக் காட்டி உயர் நீதிமன்றம் ரத்து செய்ய மறுத்திருந்தது. 320-ஆம் பிரிவு உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்துக்குக் கட்டுப்பாடு ஆகாது என்றது உச்ச நீதிமன்றம். இத்தனை இறுக்கமாகச் சட்டத்தைப் பார்த்தால், சமரசம் செய்துகொள்ள முன்வரும் பெண்களே பின்வாங்கும் நிலை வரும் என்பதும் அதன் கவலையாக இருந்தது. 2012-இல் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இந்த நிலையை உறுதி செய்தது: கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்ற கொடிய குற்றங்களைச் சமரசத்தால் அழிக்க முடியாது, ஆனால் திருமணம், குடும்பத் தகராறு, வரதட்சணை தொடர்பாக எழும், தனிப்பட்ட தன்மை மேலோங்கிய வழக்குகள் வேறு தட்டில் வைத்து எடைபோடப்பட வேண்டியவை.

நடைமுறையைச் சொல்கிறேன். எதிரிகள் மனுதாரர்களாக இருந்து குற்றவியல் அசல் மனு தாக்கல் செய்வார்கள். காவல் நிலையமும் புகார்தாரரான மனைவியும் எதிர்மனுதாரர்கள். இருவரும் கையெழுத்திட்ட கூட்டுச் சமரச மனு சேர்க்கப்படும். தென் மாவட்டங்களுக்கு 2004 ஜூலை முதல் செயல்படும் மதுரைக் கிளை, வட மாவட்டங்களுக்குச் சென்னை. விசாரணை நாளில் தரப்பினர் ஆதாரோடு முன்னிலையாக, காவல் அதிகாரி அவர்களை அடையாளம் காட்ட, நீதிபதி மனைவியிடம் நேரடியாகக் கேட்பார்: யாராவது வற்புறுத்தினார்களா, பணம் வந்துவிட்டதா, நீங்களாகத்தான் சம்மதிக்கிறீர்களா. இந்தக் கேள்விகள் சில நிமிடங்களில் முடிந்துவிடும் என்றாலும், மற்ற எந்த வழியிலும் இல்லாத ஒன்று இங்கே நடக்கிறது. தனக்கு நடந்தது பொய் என்று அந்தப் பெண் சொல்ல வேண்டியதில்லை. தான் குற்றவாளி என்று கணவன் ஒப்புக்கொள்ள வேண்டியதில்லை. என்ன நடந்தது என்ற கேள்விக்குள் போகாமலே வழக்கு முடிகிறது. பிறழ் சாட்சி வழியைவிட இதை நான் மேலாக வைப்பதன் ஆணிவேர் இதுதான்.

குறைகளை மறைக்கக் கூடாது. நாகர்கோவிலிலிருந்து மதுரை ஏறக்குறைய 240 கிலோமீட்டர். கன்னியாகுமரி மாவட்டத்துக் குடும்பம் விடியற்காலையிலேயே கிளம்ப வேண்டும். கூலி வேலை செய்கிற தகப்பனுக்கு ஒரு நாள் சம்பளம் போகும். உயர் நீதிமன்ற வழக்கறிஞருக்குத் தனிக் கட்டணம் உண்டு. காணொலி வழியே முன்னிலையாக அனுமதி கிடைக்கும் வழக்குகளில் இந்தச் சுமை குறைகிறது. பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு என்பதையும், உயர் நீதிமன்றத்துக்கென்று தனிச் சட்டப் பணிகள் குழு இருப்பதையும் பலர் அறியாமலே செலவுக்குப் பயந்து கூண்டில் ஏறுகிறார்கள்.

காலமும் முக்கியம். 2014-இல் நரிந்தர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிகளின்படி, விசாரணை நிலையில் வரும் சமரசத்தை நீதிமன்றம் தாராளமாக ஏற்கலாம். குற்றச்சாட்டு வனையப்பட்டுச் சாட்சியம் தொடங்காத நிலையிலும் பெரும்பாலும் ஏற்கலாம். சாட்சியம் முடிந்து வாதத்துக்கு நிற்கும் வழக்கில் தயங்க வேண்டும். குடும்ப வழக்குகளில் கடைசிக் கட்டத்திலும் ரத்து கிடைத்திருக்கிறது. தண்டனைக்குப் பிறகு மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதும், கொடியதல்லாத, தனிப்பட்ட தன்மையுள்ள வழக்கில் இந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம் என்று 2021 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. இருந்தாலும் தாமதிக்கத் தாமதிக்க நீதிமன்றத்தின் விருப்புரிமை சுருங்குகிறது என்பதை நினைவில் வைத்து, ஒப்பந்தத்தில் கையெழுத்தான கையோடு மனுவைத் தயார் செய்வதே நல்லது.

அரசியலமைப்பின் 142-ஆவது பிரிவு உச்ச நீதிமன்றத்துக்குத் தரும் அதிகாரத்தைப் பற்றியும் சிலர் கேட்கிறார்கள். 2023 மே 1-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு, மீட்க முடியாதபடி முறிந்த திருமணத்தை நேரடியாகக் கலைக்கவும் அதோடு சேர்ந்த வழக்குகளை முடிக்கவும் அந்த அதிகாரம் உண்டு என்றது உண்மை. ஆனால் விவாகரத்து கேட்டு நேராக அங்கே போக முடியாது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. வழக்கு மாற்ற மனுவாகவோ மேல்முறையீடாகவோ ஏற்கெனவே தில்லியில் நிற்கும் தம்பதிக்கு அது வரம். மற்றவர்களுக்கு அது வழியே அல்ல.

விவாகரத்து முதலிலா, ரத்து முதலிலா?

எந்த நீதிமன்றம் என்பதைவிட, எது முதலில் என்பதில்தான் சமரசங்கள் உடைகின்றன. பெண் வீட்டார் பயப்படுவது, வழக்கு ரத்தான மறுநாள் மீதிப் பணம் வராது என்று. மாப்பிள்ளை வீட்டார் பயப்படுவது, பணத்தையும் விவாகரத்தையும் வாங்கிக்கொண்டு பெண் மதுரைக்கு வரமாட்டாள் என்று. இரண்டு பயமும் நியாயமானவை. ஆனால் இரண்டும் சம எடையுள்ளவை அல்ல.

ரத்து முதலில் நடந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். பரஸ்பர சம்மத விவாகரத்தில், இந்துத் திருமணச் சட்டம் 13பி ஆனாலும் கிறிஸ்தவர்களுக்கான 1869-ஆம் ஆண்டு விவாகரத்துச் சட்டம் 10ஏ ஆனாலும், முதல் மனுவுக்குப் பின் ஆறு மாதம் கழித்து இருவரும் மீண்டும் சம்மதம் சொல்ல வேண்டும். 13பி வழக்குகளில் இந்தக் காத்திருப்பை நீதிமன்றம் தக்க காரணத்தோடு தளர்த்தலாம் என்று 2017-இல் தீர்ப்பு வந்தது. ஆனால் தீர்ப்பாணை வரும்வரை யாரும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்பது 1991-இலிருந்தே இருக்கும் நிலை. வழக்கு ரத்தான பின் கணவன் பின்வாங்கினால், மனைவியின் கையில் நிறைவேற்று மனுவும் நீதிமன்ற அவமதிப்பு மனுவும் தவிர வலுவானது எதுவும் மிஞ்சாது. செத்த முதல் தகவல் அறிக்கைக்கு உயிர் கொடுப்பது மிகக் கடினம்.

இப்போது மறுபுறம். விவாகரத்து கிடைத்துப் பணமும் பெற்றுக்கொண்ட மனைவி, ரத்துக்கு ஒத்துழைக்க மறுக்கிறார். கணவனுக்குச் சட்டம் கை கொடுக்கிறது. சமரசத்தின் பலன்களை அனுபவித்துவிட்டுக் குற்ற வழக்கை மட்டும் பிடித்துக்கொண்டிருப்பது நீதிமன்ற நடைமுறையைத் தவறாகப் பயன்படுத்துவது என்று கருதி, மனைவி எதிர்த்தபோதும் 2004-இல் உச்ச நீதிமன்றமே ஒரு வழக்கை ரத்து செய்திருக்கிறது. ஆக, பின்வாங்கலால் வரும் இழப்பு பெண் பக்கம் அதிகம், ஆண் பக்கம் குறைவு. ஆகவே, விவாகரத்துத் தீர்ப்பாணை முதலில், அதன் பின் ரத்து, கடைசித் தவணை ரத்து விசாரணை நாளன்றே வங்கி வரைவோலையாக நீதிபதி முன்னிலையில் கைமாறுவது என்ற வரிசையைத்தான் நான் யாருக்கும் பரிந்துரைக்கிறேன். ரத்து மனுவை முன்கூட்டியே தாக்கல் செய்து வைத்து, தீர்ப்பாணை வந்த வாரத்தில் விசாரணைக்கு எடுக்கச் செய்தால் கணவன் தரப்பின் காத்திருப்பும் நீளாது.

வளைகுடாவில் வேலை பார்க்கும் கணவனுக்கு மட்டும் இந்த வரிசை சிரமம் தரலாம். நிலுவையில் குற்ற வழக்கு இருந்தால் 1967-ஆம் ஆண்டின் பாஸ்போர்ட் சட்டம் 6(2)(எஃப்) பிரிவின்கீழ் புதுப்பித்தல் தடைபடும். விடுப்பு முடிந்து திரும்ப வேண்டிய தேதியும் நெருங்கும். அப்படிப்பட்டவர்களுக்கு நடுவரிடம் பயண அனுமதி பெற்றுத் தருவதும், முழுத் தொகையையும் நீதிமன்றத்தில் வைப்பீடு செய்துவிட்டு ரத்தை முன்னே கொண்டுவருவதும் நியாயமான மாற்று. பணம் நீதிமன்றத்தில் இருக்கும்போது பெண்ணின் பயத்துக்குக் காரணமில்லை.

பிரியாமல் சேர்ந்து வாழ முடிவு செய்யும் தம்பதிக்கு நான் சொல்வது வேறு. அவர்கள் அவசரப்படவே கூடாது. ஒரே கூரையின் கீழ் சில மாதம் வாழ்ந்து பார்க்கட்டும், அதுவரை வழக்கு வாய்தாவில் நிற்கட்டும். சேர்ந்த சந்தோஷத்தில் அடுத்த வாரமே ரத்து வாங்கிவிட்டு, இரண்டாம் மாதம் அதே மகளிர் காவல் நிலையத்தின் பெஞ்சில் வந்து உட்கார்ந்த பெண்களை நான் பார்த்திருக்கிறேன்.

ஒப்பந்தத்தில் ஒரு வரியை எங்கே கண்டாலும் நான் அடித்துவிடுவேன்: "குழந்தைக்கும் சேர்த்து இனி எந்தக் காலத்திலும் எந்த உரிமையும் கோரமாட்டேன்" என்ற வரி. குழந்தையின் பராமரிப்பு குழந்தையின் உரிமை. தாய் அதை விட்டுக்கொடுக்க முடியாது, விட்டுக்கொடுத்ததாக எழுதினாலும் நிற்காது. அந்த வரி இருந்தால் உயர் நீதிமன்றத்தில் நீதிபதியே கேள்வி கேட்டு மனுவைத் தள்ளி வைக்க நேரும்.

நடுவரிடமே முடிக்க முடியாதா?

நியாயமாகப் பார்த்தால் இந்தப் பயணமே தேவையில்லாததாக இருந்திருக்க வேண்டும். பிரிவினைக்கு முந்தைய ஆந்திரப் பிரதேசம் 2003-இல் 498ஏ குற்றத்தை நீதிமன்ற அனுமதியுடன் சமாதானம் செய்யத் தக்கதாகத் திருத்தியது. மனு கொடுத்த நாளிலிருந்து குறைந்தது மூன்று மாதம் கழிய வேண்டும், இடையில் யாரும் பின்வாங்கியிருக்கக் கூடாது என்பது நிபந்தனை. சட்ட ஆணையம் 2012-இல் தன் 243-ஆவது அறிக்கையில், நீதிமன்ற அனுமதியுடன் சமாதானம் செய்யத் தக்கதாக நாடு முழுவதும் மாற்றலாம் என்று பரிந்துரைத்தது. 2017-இல் உச்ச நீதிமன்றத்தின் ஓர் அமர்வு, சமரசமான வழக்கை மாவட்ட நீதிபதியே முடிக்கலாம் என்றது. சட்டம் தராத அதிகாரத்தைத் தீர்ப்பால் தர முடியாது என்பதால் 2018 செப்டம்பரில் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை மாற்றி, தரப்பினர் உயர் நீதிமன்றத்துக்கே போக வேண்டும் என்றது. அது சட்டப்படி சரியான திருத்தம். ஆனால் அதன்பின் 2023-இல் புதிய சட்டங்களை எழுதியபோது, 359-ஆம் பிரிவின் பட்டியலில் ஒரு வரியைச் சேர்த்திருந்தால் போதும். சேர்க்கவில்லை.

பெண்கள் அமைப்புகளின் எதிர்ப்பை நான் அலட்சியமாகப் பேசமாட்டேன். உள்ளூரிலேயே முடிக்கலாம் என்றால் முதல் வாய்தாவிலிருந்தே பெண்ணின் மீது ஊரும் உறவும் நெருக்கடி தரும் என்கிறார்கள். நடப்பதைப் பார்த்தவர்கள் அதை மறுக்க முடியாது. ஆனால் அந்த நெருக்கடி இப்போதும் இருக்கிறது, பிறழ் சாட்சி என்ற வடிவில், எந்த நீதிபதியும் அவளிடம் "உன் விருப்பந்தானா?" என்று கேட்காத இடத்தில். மூன்று மாத அவகாசமும், மனைவியைத் தனியே அழைத்து நடுவர் கேட்பதும் கட்டாயமாக்கப்பட்ட ஒரு சமாதானம், இன்று நடக்கும் பொய்யைவிடப் பெண்ணுக்கு அதிகப் பாதுகாப்பு தரும் என்பது என் உறுதியான எண்ணம். தமிழ்நாட்டுச் சட்டமன்றம் ஆந்திரத்தின் வழியில் திருத்தம் கொண்டுவந்தால் நான் வரவேற்பேன்.

அதுவரை மதுரைதான். ரத்து உத்தரவு வந்த பிறகும் சில வேலைகள் மிச்சமிருக்கும். அவற்றைக் கட்சிக்காரர்கள் அடிக்கடி விட்டுவிடுகிறார்கள். சான்றிட்ட நகல் ஒன்றைக் காவல் நிலைய எழுத்தரிடம் கொடுத்து ஒப்புகை வாங்க வேண்டும், இல்லையென்றால் நடத்தைச் சான்று கேட்கும்போது வழக்கு நிலுவையில் இருப்பதாகவே காட்டும். இன்னொன்றை நடுவர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்தால்தான் வழக்கு எண் முடித்து வைக்கப்படும்; பிடியாணை ஏதும் நிலுவையில் இருந்தால் அதுவும் அப்போதுதான் விலகும். தேடுதல் சுற்றறிக்கை (லுக் அவுட் நோட்டீஸ்) இருந்தால் அதை நீக்கத் தனியாக எழுத வேண்டும். ஜாமீன் கொடுத்தவர்களின் ஆவணங்களைத் திரும்பக் கேட்க வேண்டும். விசாரணையின்போது கைப்பற்றப்பட்ட நகை நீதிமன்றப் பாதுகாப்பில் இருந்தால், அதைப் பெற மனைவி தனி மனு போட வேண்டும்; உத்தரவில் அது தானாக வராது.

அந்த இரணியல் பாட்டி மதுரைக்கு வந்தார், மகனோடும் ஒரு தூக்குச்சட்டியில் கட்டுச்சோற்றோடும். மருமகள் தன் அண்ணனோடு வராந்தாவின் மறுபக்கம் நின்றார். நீதிபதி இரண்டு கேள்விகள் கேட்டார், மருமகள் பதில் சொன்னார், உத்தரவு சொல்லப்பட்டது. வெளியே வந்ததும் மருமகள் நேரே பாட்டியிடம் வந்து, "என் சர்டிபிகேட் எல்லாம் அங்க பீரோலதான் இருக்கு அத்தை, யார்ட்டயாவது குடுத்து விடுங்க" என்றார். "நானே கொண்டு வாரேன் மக்கா" என்றார் பாட்டி. பள்ளி, கல்லூரிச் சான்றிதழ்கள். ஏழு பக்க ஒப்பந்தத்தில் பாத்திரங்கள் வரை எழுதியிருந்த நாங்கள் அவற்றை எழுத மறந்திருந்தோம். அன்றிலிருந்து பொருள்களின் பட்டியலை எழுதும்போது சான்றிதழ்களைத்தான் முதல் வரியில் போடுகிறேன்.